மாப்பிள்ளையின் இடது கை

அந்தப் பெடியன் முதன்முதலில் எங்கள் வீட்டுக்கு வந்த அன்று நான் அவருடைய முகத்தைச் சரியாகப் பார்க்கவில்லை. கையைத்தான் பார்த்தேன். வுப்பர்டாலில் ஓர் எலும்பு வைத்தியரின் பிராக்ஸிஸில், அதாவது சிகிச்சை நிலையத்தில், வரவேற்பு மேசையில் இருந்து வருகிறவர்களுக்கு நாளும் நேரமும் குறித்து டெர்மின் கொடுப்பது என் வேலை. வருகிறவர்கள் வாய் திறக்குமுன் எந்த எலும்பு என்று ஊகிக்கிற பழக்கம் எனக்கு எப்போதோ ஒட்டிவிட்டது. இவர் தேத்தண்ணீரை வாங்கும்போது இடது கையின் சின்ன விரல் மட்டும் மற்ற விரல்களோடு சேராமல் வெளியே வளைந்து நின்றது. முறிந்து, ஒழுங்காக வைத்துக் கட்டாமல், தன்பாட்டில் பொருந்திக்கொண்ட விரல்.

"தம்பி, விரலுக்கு என்ன நடந்தது?" என்று கேட்டேன். மகள் என்னை முறைத்தாள். வீட்டுக்கு வந்த மாப்பிள்ளையிடம் தாய் தகப்பனை விசாரிக்காமல் விரலை விசாரித்த தாய் ஜேர்மனியிலேயே நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

"ஹர்லிங்," என்று சொல்லிவிட்டு, எனக்கு விளங்காததைக் கண்டு, போனில் ஒரு காட்சியைப் போட்டுக் காட்டினார். முப்பது பேர் கையில் மட்டையோடு பச்சைப் புல்லில் ஓடுகிறார்கள். மட்டையின் முனை அகப்பையைப் போல அகன்றிருக்கிறது. தோலால் தைத்த சின்னப் பந்து வானத்துக்குப் போய் இறங்குகிறது. இறங்கும் இடத்தில் நாலைந்து பேர் மட்டையை ஓங்கிக்கொண்டு நிற்க, ஒருவர் மட்டும் அந்த மட்டைகளுக்கு நடுவே வெறுங்கையை மேலே நீட்டிப் பந்தைப் பிடிக்கிறார். அந்த ஒருவர்தான் எங்கள் சோபாவில் உட்கார்ந்திருந்தவர்.

"கையுறை போட ஏலாதோ?" என்று நான் தமிழில் கேட்க, மகள் மொழிபெயர்த்தாள். போடலாமாம், ஆனால் போட்டால் பந்து கையில் நிற்காதாம்.

"இதுக்கு எவ்வளவு குடுப்பினம்?" என்று என் கணவர் கேட்டார். ஒரு சதமும் இல்லை என்றார் பெடியன். அயர்லாந்தில் அரங்கு நிறைந்த கூட்டத்துக்கு முன்னால் விளையாடுகிறவரும் திங்கட்கிழமை காலையில் வேலைக்குப் போகவேண்டுமாம். பிறந்த ஊருக்குத்தான் விளையாடலாம், விலைக்குப் பேசி வேறு ஊருக்குப் போகிற வழக்கமே கிடையாதாம்.

"விசர் விளையாட்டு," என்று கணவர் சிரித்தார். அன்றைக்கே அவருக்குப் பெடியனைப் பிடித்துவிட்டது. எனக்கு அவர் வெள்ளைக்காரர் என்பதில் கவலை இருக்கவில்லை. அந்த அழுகையை முந்தின வருடமே குளியலறையில் தண்ணீரைத் திறந்துவிட்டு அழுது முடித்திருந்தேன். என் கவலை அந்த விரல்தான். வளைந்தது ஒன்று. மிச்சம் ஒன்பது.

பிறகு பிறகுதான் அவருடைய கதை துண்டு துண்டாகத் தெரியவந்தது. நடக்கப் பழகின கையோடு மட்டை பழகியிருக்கிறார். பள்ளிக்கூடத்தில் கெட்டிக்காரன் என்று பேரெடுத்து, வயது குறைந்தவர்களுக்கான மாவட்ட அணிக்கு விளையாடி, பெரியவர்களின் மாவட்ட அணியிலும் இடம் கிடைத்திருக்கிறது. ஊரே தூக்கி வைத்துக் கொண்டாடியிருக்கிறது. ஒரு குளிர்காலம் முழுவதும் இருட்டில் எழும்பிப் பயிற்சிக்குப் போனவரை, பருவம் தொடங்கும் சமயத்தில் போனில் கூப்பிட்டு, இந்த முறை உனக்கு இடமில்லை என்று சொல்லிவிட்டார்கள். அவ்வளவுதான். அந்த வெட்கத்தில் ஊரில் கடைக்குப் போகவும் பிடிக்காமல் ஜேர்மனியில் வேலைக்கு எழுதிப் போட்டு, டுசல்டோர்ஃபுக்கு வந்து சேர்ந்திருக்கிறார். விளையாட்டை விட்டுவிட்டேன் என்று எல்லோருக்கும் சொல்லிவிட்டு வந்தவர், பெட்டிக்குள் மட்டையையும் வைத்துக்கொண்டுதான் வந்திருக்கிறார். எங்கள் ஆட்கள் எல்லாவற்றையும் விட்டுவிட்டு வந்தோம் என்று சொல்லிக்கொண்டே இடியப்ப உரலைக் கொண்டுவந்த மாதிரி.

மாவட்டம் கைவிட்டாலும் ஊர் அணி கைவிடவில்லை. முக்கியமான ஆட்டம் வந்தால் வெள்ளிக்கிழமை பின்னேரம் விமானம் ஏறுவார், ஞாயிறு திரும்பி வருவார். அவருடைய தாய் சிறுமியாக இருந்த காலத்துக்குப் பிறகு அந்த ஊர் மாவட்டக் கிண்ணத்தைக் கண்டதில்லையாம். ஒவ்வொரு முறை போய் வரும்போதும் எனக்கு ஏதாவது காயம் கண்ணில் படும். நகம் கறுத்திருக்கும். முட்டி வீங்கியிருக்கும். மகளுக்குப் பழகிவிட்டது. எனக்குப் பழகவில்லை.

கல்யாணத்தை ஐப்பசியில் ஒரு சனிக்கிழமைக்கு வைத்தோம். மண்டபம், நாதஸ்வரம், சமையல் எல்லாம் ஒரு வருடத்துக்கு முன்பே பேசியாயிற்று. அந்த வருடம்தான் அவருடைய ஊர் இறுதி ஆட்டத்துக்கு வந்தது. கல்யாணத்துக்கு இரண்டு கிழமைக்கு முந்தின ஞாயிறு ஆட்டம். போகட்டும், இன்னும் நாளிருக்கிறது என்று என்னை நானே தேற்றிக்கொண்டேன். போனார். ஆட்டம் சரிசமமாக முடிந்தது. அடுத்த ஞாயிறு மறுபடியும் விளையாடவேண்டும் என்று அறிவித்துவிட்டார்கள். கல்யாணத்துக்கு ஆறு நாள் இருக்கும்போது.

அன்றிலிருந்து எனக்கு நித்திரை இல்லை. அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பார்கள். ஆனால் என் பயத்துக்கு ஆதாரம் தினமும் பிராக்ஸிஸில் வரிசையில் உட்கார்ந்திருந்தது. கைப்பந்து விளையாடிய பிள்ளை, மாடிப்படியில் விழுந்த கிழவர், கார்க் கதவில் விரலைக் கொடுத்த பெண். ஒவ்வொருவருடைய கையிலும் ஷீனே. விரலை அசையாமல் வைத்திருக்கும் அந்தத் தகட்டைப் பார்க்கும்போதெல்லாம் அதை மணவறையில் பார்த்தேன்.

ஏன் இவ்வளவு பயம் என்று கேட்கலாம். எங்கள் பக்கத்தில் மஞ்சள் கயிற்றில் மூன்று முடிச்சுப் போடுவதில்லை. தாலியைப் பொற்கொடியில் கோர்த்திருக்கும். கொடியின் இரண்டு முனைகளையும் பொம்பிளையின் கழுத்துக்குப் பின்னால் சேர்த்து, மிளகளவு சுரை ஒன்றைத் திருகிப் பூட்டவேண்டும். கெட்டிமேளம் முழங்க, சனமெல்லாம் அரிசியோடு எழும்பி நிற்க, கமரா மூக்குக்குக் கிட்ட வர, மாப்பிள்ளை அதைத் திருகவேண்டும். நல்ல விரல் உள்ளவனுக்கே நடுங்கும். மாப்பிள்ளை கையால் பூட்டாத கொடியை நான் இதுவரை கண்டதில்லை. என் ஒரே பிள்ளையின் கழுத்தில்தான் அதை முதன்முதலாகக் காணவேண்டுமா?

இதற்கிடையில் என் கணவரின் அக்கா கெல்சென்கிர்ச்சனிலிருந்து போன் எடுத்தா. எங்கள் குடும்பத்தில் சாஸ்திர சம்பிரதாயத்துக்கு அவதான் உச்ச நீதிமன்றம்.

"வியாழக்கிழமை பொன்னுருக்கு. பொன்னுருக்கினாப் பிறகு மாப்பிள்ளை படலை தாண்டப்படாது. நீர் என்னெண்டால் கடல் தாண்டி விளையாடப் போறார் எண்டு சொல்லுறீர்?"

"நான் போகச் சொல்லேல்லை மச்சாள்."

"போகவேண்டாமெண்டும் சொல்லேல்லையே!"

பொன்னுருக்கு என்பது தாலி செய்யும் பொன்னை நல்ல நேரத்தில் மாப்பிள்ளை வீட்டில் உருக்குகிற சடங்கு. பொன் உருகிவிட்டால் கல்யாணம் தொடங்கிவிட்டது என்று அர்த்தம். அதன் பிறகு தாலி ஏறும்வரை மாப்பிள்ளையும் பொம்பிளையும் வெளியே போவதில்லை. ஊரில் அது சரி. இங்கே பொன்னுருக்கி முடித்த மறுநாளே வேலைக்குப் போன மாப்பிள்ளைகளை எனக்குத் தெரியும். மச்சாளின் சொந்த மகனே போனவன்தான். இருந்தாலும் நான் அதை ஞாபகப்படுத்தவில்லை. மச்சாள் வாய் எனக்கு முதல் தடவையாக உதவிக்கு வந்திருந்தது. அதைக் கெடுப்பானேன்?

மகளிடம் சொன்னேன். மகள் அதை அப்படியே அவரிடம் சொன்னாள். அடுத்த நாள் பின்னேரம் அவர் வேலை முடிந்து நேராக எங்கள் வீட்டுக்கு வந்தார். சப்பாத்தைக் கழற்றி ஒழுங்காக வைத்துவிட்டு, குசினிக்குள் வந்து, நின்றபடியே சொன்னார். எங்களோடு அவர் பேசுவது ஜேர்மன் மொழியில்.

"நான் போகவில்லை, அம்மா. அணிக்குச் சொல்லிவிட்டேன். உங்களுடைய வழக்கம் என்றால் அது எனக்கும் வழக்கம்."

எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. பொய் சொல்வானேன், கண்ணீரே வந்துவிட்டது. புட்டும் இறால் பொரியலும் வைத்துக் கொடுத்தேன். அவர் முழுவதையும் சாப்பிட்டார். வழக்கமாக இரண்டாம் முறை கேட்டு வாங்குகிறவர் அன்றைக்குக் கேட்கவில்லை. மகள் எனக்கு எதிரே உட்கார்ந்து ஒரு இறாலை அப்படியும் இப்படியும் உருட்டிக்கொண்டிருந்தாள்.

புதன்கிழமை அவருடைய தாய் அயர்லாந்திலிருந்து வீடியோவில் வந்தா. என்னுடைய ஆங்கிலம் நொண்டி. அவவின் ஆங்கிலமோ குதிரை. என்றாலும் அவ நிறுத்தி நிறுத்தித்தான் கதைத்தா. மகன் சொன்னான், எங்களுக்கு விளங்குகிறது, உங்கள் வழக்கத்தை நாங்கள் மதிக்கிறோம் என்றா. எந்தக் குறையும் சொல்லவில்லை. சேலை கட்டுவதைப் பற்றிக் கேட்டா. கடைசியாகப் போனை வைக்கிற நேரத்தில், "அவனுக்கு மனம் சரியில்லை என்றால் பந்தைச் சுவரில் அடித்துக்கொண்டே இருப்பான். அயலவர்கள் ஏசினால் கோபிக்க வேண்டாம்," என்றா.

அன்று பின்னேரம் பொன்னுருக்குச் சாமான்களைக் கொண்டுபோய் வைக்க டுசல்டோர்ஃபுக்குப் போனேன். குத்துவிளக்கு, நிறைகுடத்துக்குச் செம்பு, தேங்காய், வெற்றிலை எல்லாவற்றையும் இரண்டு பையில் சுமந்துகொண்டு, எங்கள் நகரத்துத் தொங்கு ரயிலிலும் பிறகு பெரிய ரயிலிலும் ஏறி இறங்கி மாப்பிள்ளையின் வாசலுக்குப் போய் மணியடித்தால், கதவு திறக்கவில்லை. கீழே கார் நிறுத்தும் நிலவறையிலிருந்து சத்தம் கேட்டது. டக். கொஞ்சம் பொறுத்து மறுபடியும் டக்.

இறங்கிப் போனேன். அலுவலகச் சட்டையோடு நின்று பந்தைச் சுவரில் அடித்து, திரும்பி வருவதை இடது கையால் பிடித்து, மறுபடியும் அடித்துக்கொண்டிருந்தார். முகத்தில் கோபம் இல்லை. அழுதமாதிரியும் இல்லை. இடமில்லை என்று முன்பு போனில் சொன்னார்களே, அன்றைக்கு இந்த முகம்தான் இருந்திருக்கும் என்று நினைத்தேன். அப்போது அவரை மாவட்டம் வெளியே விட்டது. இப்போது விட்டது யார்? என்னைக் கண்டதும் மட்டையை முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டு, ஓடிவந்து பைகளை வாங்கினார். அந்த மறைப்புத்தான் எனக்குத் தாங்கவில்லை. என் வீட்டுக்கு வரப்போகிற பிள்ளை என்னைக் கண்டு எதையும் மறைக்கக் கூடாது.

அவருடைய வாசற்படியில் நின்றபடியே ஐயருக்குப் போன் எடுத்தேன்.

"ஐயா, பொன்னுருக்கைச் செவ்வாய்க்கிழமைக்கு மாத்த ஏலுமோ? ஞாயிறு மாப்பிள்ளைக்கு ஒரு முக்கிய அலுவல்."

"ஓம், மாத்தலாமே. காலமை ஒரு நல்ல நேரம் இருக்கு. தாலி செய்யிற ஆசாரியாருக்குத்தான் கொஞ்சம் அவசரமாப் போகும். நான் முதலே ரெண்டு நாளும் எழுதிக் குடுத்தனான். உங்கட மச்சாள்தான் வியாழன் எண்டவ."

திரும்பிப் பார்த்தேன். போனில் பேசியது அவருக்கு விளங்கியிருக்காது. ஆனால் செவ்வாய், ஞாயிறு என்ற சொற்களை மகள் அவருக்குச் சொல்லிக் கொடுத்திருந்தாள். பையை நிலத்தில் வைத்துவிட்டு என்னைக் கட்டிப்பிடித்தார். செம்பு உருண்டு படியில் விழுந்தது. "போயிட்டு வாங்கோ தம்பி. ஆனால் கை... கை கவனம்," என்றேன். "ஓம் அம்மா," என்றார் தமிழில். ஓம் என்று எவ்வளவு சுலபமாகச் சொல்கிறார்கள்!

மச்சாளுக்கு நான் சொல்லவில்லை. கணவரைச் சொல்ல வைத்தேன். அவர் போனைக் காதிலிருந்து ஒரு சாண் தள்ளிப் பிடித்துக்கொண்டு, "ஓம் அக்கா, ஓம் அக்கா," என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்தார்.

ஞாயிறு வந்தது. மகள் கணினியைத் தொலைக்காட்சியோடு பொருத்தினாள். நான் பார்க்கமாட்டேன் என்று சொல்லிவிட்டு, பார்த்தேன். அங்கே மழை. யார் எங்கள் பக்கம் என்பதுகூட எனக்கு அடிக்கடி மறந்துபோனது. நான் பார்த்தது ஒரு கையை மட்டும். பந்து மேலே போகும்போதெல்லாம் நான் சோபாவின் விளிம்புக்கு நகர்வேன். அவர் கையை நீட்டுவார். பந்து கையில் இருக்கும், அல்லது இருக்காது. பிறகு விரல்களை விரித்து மடித்து ஓடுவார். விரல் மடங்குகிறது, சரி. இப்படி ஒரு மணித்தியாலம். கணவர் எனக்கு இரண்டு முறை தண்ணீர் கொண்டுவந்து தந்தார். பெரிய ஆட்டம் பார்க்கிறவர்போல அவரும் கத்தினார், எதற்குக் கத்துகிறோம் என்று தெரியாமலே.

கடைசியில் மாப்பிள்ளையின் ஊர் ஒரு புள்ளி முன்னால் நின்றது. மற்றப் பக்கத்தார் நடுவிலிருந்து உயரமாக ஒரு பந்தை அடித்தார்கள். அது கோலுக்கு முன்னால் இறங்கியது. அங்கே எங்கள் பிள்ளை. அவரைச் சுற்றி மட்டைகள். மட்டையால் தட்டிவிடுங்கோ தம்பி, மட்டையால் தட்டிவிடுங்கோ என்று நான் வாய்விட்டே சொன்னேன். அவர் இடது கையை உயர்த்தினார்.

பந்து கையில் இருந்தது. இரண்டு எட்டு ஓடி மழைக்குள் எங்கோ அடித்துவிட்டார். ஊதல் ஒலித்தது. சனம் மைதானத்துக்குள் பாய்ந்தது. மகள் சோபாவில் ஏறி நின்று கத்தினாள். எல்லோரும் குதித்துக்கொண்டிருக்க, அவர் மட்டும் இடது கையை வலது கக்கத்துக்குள் வைத்துக்கொண்டு குனிந்து நின்றார்.

"முறிஞ்சிட்டுது," என்றேன்.

"அம்மா, சும்மா இருங்கோ!"

"மோதிர விரல்," என்றேன். அதுவும் சரியாகத்தான் இருந்தது.

திங்கட்கிழமை விமான நிலையத்திலிருந்து அவரை நேராக எங்கள் பிராக்ஸிஸுக்குக் கொண்டுவந்தேன். மோதிர விரல் முறிவு, பக்கத்தில் நடுவிரலும் வீங்கிப் போயிருந்தது. இரண்டையும் சேர்த்து ஷீனே போட்டார் வைத்தியர். ஆறு கிழமைக்குக் கழற்றக் கூடாது. "சனிக்கிழமை இவருக்குக் கல்யாணம்," என்றேன். "வாழ்த்துகள்," என்றார் வைத்தியர். எனக்கு வந்த கோபத்தை யாரில் காட்டுவது? கிண்ணத்தை வென்ற முகத்தோடு அவர் உட்கார்ந்திருந்தார். வலியில் வெளிறியிருந்தாலும் அந்த முகத்தில் ஒரு வெளிச்சம் இருந்தது. நான் அதற்கு முன் அவரிடம் காணாத வெளிச்சம். கோபிக்கவும் முடியவில்லை, சிரிக்கவும் முடியவில்லை.

செவ்வாய்க்கிழமை அவருடைய சின்னக் குசினியில் பொன்னுருக்கு நடந்தது. ஆசாரியார் வாயு விளக்கைப் பற்றவைத்த உடனே முகட்டில் இருந்த புகை எச்சரிக்கை மணி அலறத் தொடங்கியது. கணவர் கதிரையில் ஏறி, தலைக்கு எண்ணெய் வைத்தால் போடும் பிளாஸ்டிக் தொப்பியை அதற்கு மாட்டிவிட்டார். அந்தச் சத்தத்துக்குள் பொன் உருகித் திரண்டு முழுசாக நின்றது. "நல்ல சகுனம்," என்றார் ஆசாரியார். மச்சாள் பொன்னைப் பார்க்கவில்லை, ஷீனேயைப் பார்த்தா. பிறகு என்னைப் பார்த்தா.

புதுக் கொடியை முகூர்த்தத்துக்கு முன் எடுத்துப் பழகக் கூடாது. ஆகவே நான் ஒரு வேலை செய்தேன். எல்லோரும் போன பிறகு, அவருடைய குளியலறைக்குள் போய் என் கழுத்துக் கொடியைக் கழற்றினேன். ஸ்கேன் எடுக்கவென்று ஒருமுறை கழற்றியதைத் தவிர என் கழுத்தை விட்டு இறங்காத கொடி அது. கணவர் பார்த்துக்கொண்டு நின்றார். "தாங்கோ," என்று அவரே வாங்கி மாப்பிள்ளையிடம் கொடுத்தார். எதில் பூட்டிப் பழகுவது? மாப்பிள்ளை யோசித்துவிட்டு, தன்னுடைய மட்டையை எடுத்துக் கதிரையில் நிமிர்த்தி வைத்தார். பிடி ஒடுங்கி, முனை அகன்று, அது அசையாமல் நின்றது. அதன் கழுத்தில் என் தாலிக்கொடியைப் போட்டு, பெருவிரலாலும் சுட்டுவிரலாலும் முனையைப் பிடித்து, மற்றக் கையால் சுரையைத் திருகப் பார்த்தார். விழுந்தது. மறுபடியும். விழுந்தது. சுரை ஒருமுறை அடுப்புக்குக் கீழே உருண்டு, நாங்கள் மூன்று பேரும் நிலத்தில் தவழ்ந்தோம். கிண்ணம் வென்ற மட்டைக்குத்தான் முதலில் தாலி ஏறியது என்று கணவர் சொல்ல, மாப்பிள்ளைக்கு மொழிபெயர்த்த நானும் சிரித்துவிட்டேன். சிரித்தேனே தவிர, ஒரு தடவைகூட முழுசாகப் பூட்டவில்லை என்பதை நான் கவனிக்காமல் இல்லை.

சனிக்கிழமை மண்டபத்தில் என் சம்பந்தி பச்சைச் சேலையில் வந்தா. நான் கட்டிவிட்ட சேலை. மகனுடைய ஷீனேயை இரண்டு கையாலும் தூக்கிப் பார்த்துவிட்டு, "எப்படியான பிடி, பார்த்தீர்களா?" என்று என்னிடம் கேட்டா. அவவுக்கு அது கை முறிந்த கவலை இல்லை, பிடித்த பெருமை. எனக்கு ஒரு கணம் எரிச்சல் பொத்துக்கொண்டு வந்தது. பிறகு பார்த்தால், என் தோளைத் தொட்ட அவவின் கையிலும் சின்ன விரல் வெளியே வளைந்திருந்தது.

ஐயர் கைகாட்ட, கெட்டிமேளம் எழும்பியது. மாப்பிள்ளை மகளுக்குப் பின்னால் வந்து நின்றார். கொடி கழுத்தில் ஏறியது. அதற்குப் பிறகு நேரம் போகவே இல்லை. நாதஸ்வரக்காரருக்கு மூச்சு முட்டி முகம் சிவந்துவிட்டது. அரிசி போடுகிறவர்கள் போட்டு முடித்துவிட்டு வெறுங்கையோடு நின்றார்கள். மச்சாள் முன்வரிசையில் கழுத்தை நீட்டிக்கொண்டிருந்தா. முருகா, சுரையை மட்டும் விழவிடாதே என்று நான் கும்பிட்டேன். கடைசியில் அவர் கையை எடுத்தார். தலையை ஆட்டினார். சனம் கை தட்டியது. நான் உட்கார்ந்துவிட்டேன்.

பின்னேரம் உடை மாற்ற மகளின் மாலையைக் கழற்றும்போதுதான் கண்டேன். கொடியின் பின்பக்கம் சட்டையோடு சேர்த்து ஓர் ஊசி குத்தியிருந்தது. சுரை அரைத் திருகில் தொங்கியது.

"தோழியிட்டச் சொல்லிக் குத்தினனான்," என்றாள் மகள். "அப்பவே தெரியும். பூட்டுப்படேல்லை."

"ஐயோ பிள்ளை!" என்று நான் சுரையைத் திருகக் கையைக் கொண்டுபோனேன். என் கை நல்ல கை. ஒரு நொடி வேலை. மகள் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"விடுங்கோ அம்மா. அவரே பூட்டட்டும்."

"எப்ப? ஆறு கிழமைக்கு ஏலாது. விழுந்து துலைஞ்சால்?"

"விழாது. ஊசி இருக்கு." பிறகு கண்ணாடியில் என்னைப் பார்த்துச் சொன்னாள்: "அண்டைக்கு ஆட்டத்தில அவர் கையை உயர்த்தாமல் விட்டிருந்தால், ஆருக்காக விட்டவரெண்டு எனக்குத் தெரிஞ்சிருக்கும். அதைக் கழுத்தில போட்டுக்கொண்டு நான் எப்பிடி அம்மா இருக்கிறது?"

ஊசியை மட்டும் கழற்றி, இன்னும் கொஞ்சம் ஆழமாகக் குத்திவிட்டேன்.

அந்த ஆறு கிழமையை எப்படிக் கடத்தினேன் என்று என் கணவரைக் கேட்டால்தான் தெரியும். காலையில் போன், மத்தியானம் போன். சாப்பிட்டியோ என்று கேட்கிற தாய்மாருக்கு நடுவில், "ஊசி இருக்கோ?" என்று கேட்கிற தாயாகிவிட்டேன். குளிக்கும்போது என்ன செய்கிறாள், படுக்கும்போது என்ன செய்கிறாள் என்று யோசித்து யோசித்து, வேலையில் ஒரு முழங்கால்காரருக்குத் தோள்பட்டைக்காரரின் டெர்மினைக் கொடுத்துவிட்டேன். மச்சாள் ஒருநாள் போனில், "எல்லாம் நல்லாத்தானே முடிஞ்சுது, பிறகென்ன உமக்கு முகம் தெளிவில்லாமல் கிடந்தது?" என்று கேட்டா. களைப்பு என்றேன்.

ஷீனே கழற்றும் நாளுக்குக் காலையில் முதல் டெர்மினை நானே போட்டேன். விரல் பொருந்திவிட்டது. ஆனால் நேராகப் பொருந்தவில்லை. சின்ன விரலுக்குத் துணையாக இப்போது மோதிர விரலும் சற்று வளைந்து நின்றது. வைத்தியர் வருத்தப்பட்டார். மாப்பிள்ளை அதை விரித்து மடித்துப் பார்த்துவிட்டு, "பந்து இதில் இன்னும் நன்றாக நிற்கும்," என்றார்.

பின்னேரம் இருவரும் எங்கள் வீட்டுக்கு வந்தார்கள். மகள் சப்பாத்தைக்கூடச் சரியாகக் கழற்றவில்லை. நேரே குசினிக்குள் வந்து, அடுப்புக்கு முன்னால் எங்களுக்கு முகம் காட்டி நின்று, தலைமயிரைத் தூக்கிப் பிடித்தாள். அவர் பின்னால் வந்து நின்றார். ஊசியைக் கழற்றி என்னிடம் நீட்டினார். கொடியின் இரு முனைகளையும் சேர்த்தார். என் கணவர் சட்டென்று சோற்றுப் பானை மூடியை எடுத்து, கரண்டியால் கெட்டிமேளம் கொட்டத் தொடங்கினார். மேல்மாடிக் கிழவி நிலத்தில் தட்டினாள். கணவர் நிறுத்தவில்லை. அந்த இரண்டு வளைந்த விரல்களும் என் பிள்ளையின் கழுத்தில் பட்டுக்கொண்டிருக்க, பெருவிரலும் சுட்டுவிரலும் சுரையைத் திருகின. ஒன்று. இரண்டு. பிறகு திருக இடமில்லை.

தூவுவதற்கு என்னிடம் மஞ்சள் அரிசி இல்லை. அடுப்பில் அவியவிருந்த சோற்றுக்குக் கழுவி வைத்த ஈர அரிசிதான் இருந்தது. அதை அள்ளி இரண்டு பேரின் தலையிலும் போட்டேன். போடும்போது அழுதேன். அன்றைக்கு மண்டபத்தில் எனக்கு அழக்கூட நேரம் இருக்கவில்லை.

"இனிப் பயமில்லைத்தானே அம்மா?" என்று மகள் தலையிலிருந்து அரிசியைத் தட்டிக்கொண்டே கேட்டாள்.

"இல்லை," என்றேன்.

சாப்பிடும்போது அவர் இறாலை இரண்டாம் முறையும் கேட்டு வாங்கினார். தை பிறக்கப் பயிற்சி தொடங்குகிறதாம், கிண்ணத்தை இனிக் காப்பாற்ற வேண்டுமாம். நான் ஓம் ஓம் என்று தலையாட்டிக்கொண்டே மற்றக் கையால் அந்த ஊசியைப் பூட்டி என் கைப்பைக்குள் போட்டேன். இன்னும் அதற்குள்தான் இருக்கிறது.